கதை நிஜத்தின் மேல் எழுதினால்: புதிதாகப் படிப்பவர்களுக்கு ஒரு விளக்கம்

அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில், கேட்ஸ்கில் மலைப் பக்கம், ராஸ்கோ என்ற சிற்றூருக்குக் கொஞ்ச தூரத்தில் இரண்டு மண்சாலைகள் சந்திக்கும் ஒரு முக்கு. 1930களில் அங்கே ஊர் என்று ஒன்றும் கிடையாது. ஜெனரல் டிராஃப்டிங் என்ற வரைபட நிறுவனத்தின் தலைவர் ஆட்டோ லிண்ட்பெர்க்கும் அவருடைய உதவியாளர் எர்னஸ்ட் ஆல்பெர்ஸும் தங்கள் பெயர்களின் முதலெழுத்துகளைக் கலைத்துப் போட்டு 'அக்லோ' என்று ஒரு பெயரை உண்டாக்கினார்கள். வரைபடத்தில் அந்த முக்கின் மேல் அதை ஊர்ப்பெயராகப் போட்டுவிட்டார்கள். எல்லாம் திருட்டு பயம்தான். வேறு யாராவது இவர்களுடைய வரைபடத்தை அப்படியே நகலெடுத்தால் இந்த இல்லாத ஊரும் கூடவே போகும், கையும் களவுமாகப் பிடித்துவிடலாம்.

சில வருடங்கள் போயின. ராண்ட் மெக்நாலி என்ற இன்னொரு நிறுவனத்தின் வரைபடத்தில் அக்லோ வந்தது. திருடன் மாட்டிக்கொண்டான் என்றுதான் யாருக்கும் தோன்றும். ஆனால் ராண்ட் மெக்நாலியிடம் பதில் இருந்தது. அந்த இடத்தில் 'அக்லோ ஜெனரல் ஸ்டோர்' என்று ஒரு கடை நின்றது. கடையைக் கட்டியவர் எஸ்ஸோ பெட்ரோல் பங்க்குகளில் கொடுக்கும் வரைபடத்தைப் பார்த்திருக்கிறார். அதைத் தயாரித்ததும் ஜெனரல் டிராஃப்டிங்தான். வரைபடத்தில் இந்த இடத்துக்கு அக்லோ என்று இருக்கிறது, சரி, கடைக்கும் அதையே வைப்போம் என்று வைத்துவிட்டார். கடை இருக்கிறது, கடையின் பேர் அக்லோ, அப்புறம் அக்லோ எப்படிப் பொய்யாகும்?

அந்தக் கடைக்காரர் யாரையும் ஏமாற்றவில்லை, வரைபடம் வரைந்தவர்களும் ஊரை உருவாக்க நினைக்கவில்லை. காகிதத்தில் இருந்த ஒரு கற்பனை, நடுவில் யாருடைய திட்டமும் இல்லாமல், செங்கல்லும் பலகையுமாக எழுந்து நின்றுவிட்டது. கதை நிஜத்தின் மேல் எழுதுவது என்று இந்தக் கட்டுரையில் நான் சொல்லப்போவது இதைத்தான். நான் இதை 'மேலெழுதல்' என்று சுருக்கமாகச் சொல்கிறேன்.

பழைய டேப் கேசட்டைப் புழங்கியவர்களுக்கு இது சட்டென்று பிடிபடும். பதிந்திருக்கும் பாட்டின் மேல் இன்னொரு பாட்டைப் பதிவோம். பழையது போய்விடும், புதியது நிற்கும். கேட்பவருக்கு அடியில் வேறு பாட்டு இருந்தது தெரியவே தெரியாது. ஆனால் புதுப் பாட்டு கொஞ்சம் சின்னதாக இருந்தால், அது முடிந்ததும் பழைய பாட்டின் கடைசி இரண்டு வரி திடீரென்று ஒலிக்கும். அந்த இரண்டு வரியை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

புனைகதையில் இந்த மேலெழுதல் முழுமையாக நடக்கும். ஒருவர் ஒரு கதை எழுதுகிறார். காலையில் எழுந்து பார்த்தால் அந்தக் கதைதான் உலகம். கதையில் தெருமுனையில் ஒரு புளியமரம் நின்றதென்றால் இப்போது அங்கே புளியமரம் நிற்கும். நேற்று முளைத்த மரம் இல்லை, எழுபது வருட மரம். அதில் ஊஞ்சல் கட்டி ஆடியதாகத் தெருவில் உள்ள பெரியவர்கள் எல்லாரும் சொல்வார்கள். இதுதான் மற்ற மாயக்கதைகளிலிருந்து இதைப் பிரித்துக் காட்டும் இடம். மந்திரவாதி ஒரு மரத்தை வரவழைத்தால் ஊரே வாயைப் பிளந்து பார்க்கும். மேலெழுதலில் யாரும் ஆச்சரியப்பட மாட்டார்கள். பொருள் மட்டும் மாறுவதில்லை, அந்தப் பொருளின் நேற்றும் சேர்ந்து மாறுகிறது. கனவு இல்லை, ஏனென்றால் விழிப்பே கிடையாது. பொய்யும் இல்லை, ஏனென்றால் சரிபார்க்கப் போனால் சாட்சி எல்லாம் கதையின் பக்கமே பேசும்.

இந்த எண்ணம் தமிழில் ரொம்பப் பழையது. ஒருவர் சொன்னது அப்படியே நடந்துவிட்டால் 'அவருக்குக் கருநாக்கு' என்கிறோம். பிள்ளைகள் எதையாவது விபரீதமாகச் சொன்னால் 'வாயைக் கழுவு' என்கிறோம். சொல் என்பது நடப்பதை விவரிக்க மட்டுமில்லை, நடக்கவைக்கவும் செய்யும் என்ற பயம் அதில் இருக்கிறது.

நம் புலவர்கள் இந்தப் பயத்துக்கு ஓர் இலக்கணமே எழுதிவைத்தார்கள். பாட்டியல் நூல்களைப் புரட்டிப் பாருங்கள். ஒரு தலைவனைப் பாடும்போது நூலின் முதல் சொல்லை எப்படித் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று அவை விரிவாகச் சொல்கின்றன. மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம் எனப் பத்துப் பொருத்தம். கல்யாணத்துக்குப் பார்ப்பதுபோலப் பாட்டுக்கும் பாட்டுடைத் தலைவனுக்கும் பொருத்தம் பார்த்திருக்கிறார்கள். உண்டிப் பொருத்தத்தில் எழுத்துகளை அமுத எழுத்து, நச்செழுத்து என்றே பிரித்துவைத்தார்கள். நச்செழுத்தில் பாட்டைத் தொடங்கினால் தலைவனுக்குத் தீங்கு வரும். எழுத்தில் நஞ்சு இருக்கிறது என்று ஓர் இலக்கண நூல் நிதானமாக வகுத்துச் சொல்வதை முதல்முறை படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. இன்றைய மாயக்கதை எழுத்தாளர்கள் இதற்கெல்லாம் தனியாக விதி யோசிக்கிறார்கள்; இங்கே அது பாடமாகவே இருந்திருக்கிறது.

அறம் பாடுவது, அதாவது கேட்பவருக்குக் கேடு வரும்படி பாட்டில் சொல்லை வைத்துப் பாடுவது, என்பதும் இதன் கூடப்பிறந்ததுதான். தெள்ளாற்றுப் போரில் வென்ற பல்லவன் நந்திவர்மன் மேல் பாடப்பட்டது நந்திக் கலம்பகம். அந்த நூலில் அறம் வைத்துப் பாடியிருந்ததாகவும், முழுவதையும் கேட்டால் உயிர் போகும் என்று தெரிந்தும் தமிழின் மேல் இருந்த ஆசையில் மன்னன் கேட்டதாகவும் கதை. ஒவ்வொரு பாட்டுக்கும் ஒரு பந்தல். பாட்டு முடிய முடியப் பந்தல் எரிகிறது. கடைசிப் பாட்டை அவன் சிதையின் மேல் அமர்ந்து கேட்கிறான்.

இதில் இரண்டு அடுக்கு இருக்கிறது. கதைக்குள்ளே ஒரு பாட்டு ஒரு மன்னனின் உயிரை மாற்றுகிறது. கதைக்கு வெளியே, அந்தக் கதை மன்னனின் வரலாற்றையே மாற்றிவிட்டது. ஒன்பதாம் நூற்றாண்டில் அவன் நடத்திய போர்கள் எத்தனையோ. ஆனால் நந்திவர்மன் என்றதும் தமிழ் படித்தவர்கள் மனத்தில் எழுவது எரியும் பந்தல்தான்.

சரி, இந்த எண்ணத்தை நவீன இலக்கியத்தில் மிகச் சுத்தமாகச் செய்து காட்டியவர் யார் என்று கேட்டால் என் பதில் அர்ஜென்டினாவின் போர்ஹெஸ். 1940இல் வெளிவந்த அவருடைய 'த்லோன், உக்பார், ஓர்பிஸ் தெர்தியுஸ்' என்ற சிறுகதையைப் படிக்காமல் இந்த விஷயத்தைப் பேசவே முடியாது.

ஒரு கலைக்களஞ்சியத்தில் கதை தொடங்குகிறது. கதைசொல்லியின் நண்பர் உக்பார் என்ற நாட்டைப் பற்றிப் படித்ததாகச் சொல்கிறார். தேடினால் இல்லை. நண்பர் தன் பிரதியைக் கொண்டுவருகிறார். அதே பதிப்பு, அதே தொகுதி. ஆனால் மற்றப் பிரதியில் 917 பக்கம் இருக்க, இதில் 921. அந்த நான்கு பக்கத்தில்தான் உக்பார் இருக்கிறது. பேயும் இல்லை, மின்னலும் இல்லை, பக்க எண் மட்டும் கொஞ்சம் இடிக்கிறது. இவ்வளவு அடக்கமாக ஒரு உலக அழிவைத் தொடங்கிய இன்னொரு கதையை நான் படித்ததில்லை.

பிறகு த்லோன் என்ற கற்பனை உலகத்தின் கலைக்களஞ்சியத்தில் ஒரு தொகுதி கிடைக்கிறது. அங்குள்ள மொழிகள், தத்துவம், வடிவியல் எல்லாம் அதில் இருக்கின்றன. தலைமுறை தலைமுறையாக ஒரு ரகசியச் சங்கம் உட்கார்ந்து எழுதியது அது. த்லோனில் எதிர்பார்ப்பே பொருளைப் பெற்றுவிடும். இரண்டு பேர் தொலைந்த பென்சிலைத் தேடுகிறார்கள். முதல் ஆளுக்குக் கிடைக்கிறது, அவர் வெளியே சொல்லவில்லை. இரண்டாவது ஆளுக்கும் ஒரு பென்சில் கிடைக்கிறது. அதுவும் நிஜப் பென்சில்தான், அவர் எதிர்பார்த்ததற்கு இன்னும் கொஞ்சம் பொருத்தமாகவே இருக்கிறது.

கடைசியில் த்லோனின் பொருள்கள் நம் உலகத்துக்குள் வர ஆரம்பிக்கின்றன. த்லோன் எழுத்துப் பொறித்த ஒரு திசைகாட்டி வருகிறது. பகடைக்காய் அளவே இருந்தும் ஓர் ஆள் தூக்கவே திணறும் கனமான ஓர் உலோகக் கூம்பு வருகிறது. நாற்பது தொகுதியும் கண்டெடுக்கப்பட்டதும் உலகமே அதில் விழுகிறது. பள்ளிக்கூடங்களில் த்லோனின் மொழி நுழைகிறது, நிஜ வரலாற்றை வெளியே தள்ளிவிட்டு அதன் வரலாறு உட்கார்கிறது. ஏன் எல்லாரும் இவ்வளவு சீக்கிரம் சரணடைந்தார்கள் என்பதற்குக் கதை சொல்லும் விளக்கம்தான் என்னை இன்னும் விடாமல் தொந்தரவு செய்கிறது. நிஜ உலகம் புரிபடாதது. த்லோன் மனிதர்கள் பின்னிய சிக்கல், ஆகவே மனிதர்களால் அவிழ்க்க முடிந்தது. ஒழுங்கு இருக்கிறது என்ற ஒரே காரணத்துக்காக மக்கள் நிஜத்தை விட்டுக்கொடுக்கத் தயாராக இருந்தார்கள். இது வெளியான வருடம் 1940 என்பதை யோசித்துப் பாருங்கள். ஐரோப்பா எந்த ஒழுங்குகளின் காலடியில் கிடந்தது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

இன்னொரு வேலையும் அதில் இருக்கிறது. 1940இல் அச்சான கதையின் பின்குறிப்பில் 1947 என்று தேதி போட்டிருக்கிறது. முதல்முறை வாங்கிப் படித்தவருக்கு அது ஏழு வருடம் கழித்து வரப்போகும் தேதி. எதிர்காலத்திலிருந்து ஒரு பின்குறிப்பு. இன்று படிக்கும் நமக்கு அதில் விசித்திரமே தெரிவதில்லை, ஏனென்றால் 1947 எப்போதோ போய்விட்டது. கதை எதிர்காலத்தின் மேல் ஒரு தேதியை எழுதி வைத்தது, காலம் வந்து அதைச் சாதாரணமாக்கிவிட்டது.

இனி அந்தக் கேசட்டின் கடைசி இரண்டு வரிக்கு வருவோம். மேலெழுதல் முழுமையாக நடந்துவிட்டால் அதைப் பற்றிக் கதை எழுதவே முடியாது. எல்லாருக்கும் எல்லாமும் புதிதாக மாறியிருந்தால், மாறியது என்று யார் சொல்வது? ஆகவே இந்த வகைக் கதைகளில் எப்போதும் ஏதாவது ஒன்று மிஞ்சும். பழைய உலகத்தை ஞாபகம் வைத்திருக்கும் ஓர் ஆள் இருப்பார். அல்லது எடுக்க மறந்த ஒரு புகைப்படம், பொருந்தாத ஒரு சாவி, போர்ஹெஸ் கதையில் வந்ததுபோல் நான்கு பக்கம். இப்படி ஒரு கதையை நீங்கள் படிக்கப்போனால் முதலில் மிச்சம் எங்கே என்று தேடுங்கள். எழுத்தாளர் கெட்டிக்காரரா என்பது அதில் தெரிந்துவிடும். மிச்சம் ரொம்பப் பெரிதாக இருந்தால் மேலெழுதலை நம்ப முடியாது. மிச்சமே இல்லையென்றால் பயமே வராது. நீங்களே எழுதப்போகிறீர்கள் என்றால், கதை எதை அழித்தது என்பதற்கு முன்னால் அது எதை அழிக்க மறந்தது என்று முடிவுசெய்யுங்கள்.

நிஜத்தில் மந்திரம் கிடையாது. ஆனாலும் அக்லோவில் கடை எழுந்தது. எப்படி? கதையை நம்பி யாரோ ஒருவர் ஒரு காரியம் செய்தார், அவ்வளவுதான். சமூகவியலில் இதற்கு ஒரு பழைய வாசகம் உண்டு. வில்லியம் தாமஸும் டோரதி தாமஸும் 1928இல் எழுதியது. ஒரு நிலைமையை நிஜமென்று மனிதர்கள் கொண்டுவிட்டால் அதன் விளைவுகளும் நிஜமாகிவிடும் என்பது அதன் சாரம். ராபர்ட் மெர்ட்டன் 1948இல் இதை ஒரு வங்கியை வைத்து விளக்கினார். வங்கி நன்றாகத்தான் இருக்கிறது. திவாலாகப்போகிறது என்று ஒரு வதந்தி. எல்லாரும் ஓடிப்போய்ப் பணத்தை எடுக்கிறார்கள். எந்த வங்கியும் போட்ட பணம் முழுவதையும் பெட்டியில் வைத்திருப்பதில்லை. சாயங்காலம் வங்கி நிஜமாகவே திவால். காலையில் பொய்யாக இருந்த வாக்கியம் சாயங்காலம் உண்மையாகிவிட்டது, வாக்கியத்தில் ஓர் எழுத்துகூட மாறவில்லை.

இந்த வழியில் உலகத்துக்குள் வந்தவை ஏராளம். 2015இல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படமான 'ஸ்பெக்டர்' மெக்சிகோ நகரத்தில் இறந்தோர் நாள் ஊர்வலத்தோடு தொடங்கும். அதுவரை அந்த நகரத்தில் அப்படி ஒரு ஊர்வலம் நடந்ததே இல்லை. இறந்தோர் நாள் உண்டு, கல்லறையில் விளக்கும் பூவும் வைப்பது உண்டு. படம் வந்த மறு வருடம், 2016 அக்டோபரில், நகரமே ஊர்வலத்தை நடத்தியது. பிறகு அது வருடாந்தர வழக்கமாயிற்று. அன்று அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு ஊர்வலம் பார்த்த குழந்தைக்கு அது பரம்பரைத் திருவிழா. இத்தாலியின் வெரோனா நகரத்தில் ஜூலியட்டின் வீடு என்று ஒரு வீட்டைக் காட்டுவார்கள். இருபதாம் நூற்றாண்டில் அந்தப் பழைய வீட்டைப் புதுப்பித்தபோது ஜூலியட்டுக்காகவே ஒரு மாடத்தை, அதாவது பால்கனியை, கட்டிச் சேர்த்தார்கள். ஷேக்ஸ்பியரின் நாடகத்தில் அவள் நிற்பது ஜன்னலில். மாடம் என்ற சொல்லே அதில் கிடையாது. நாடகத்தின் மேல் மேடை வழக்கம் எழுதியது, அதன் மேல் கொத்தனார் எழுதினார்.

இவையெல்லாம் எதிர்காலத்தின் மேல் எழுதப்பட்டவை. கடை வந்தது, ஊர்வலம் வந்தது, மாடம் வந்தது. யாருக்கும் பெரிய நஷ்டமில்லை. இறந்த காலத்தின் மேல் எழுதுவதுதான் எளிது, பிடிபடாததும் அதுதான். ஏனென்றால் அங்கே எதிர்த்துப் பேச யாரும் உயிரோடு இல்லை.

என் சித்தி 'பொன்னியின் செல்வன்' பைத்தியம். கல்கி 1950 முதல் 1954 வரை தொடராக எழுதியதை அவள் பழைய பைண்டு புத்தகத்தில் எத்தனை முறை படித்தாள் என்று அவளுக்கே தெரியாது. ஒருநாள் சோழர் பேச்சு வந்தபோது, நாவலில் சோழ இளவரசன் ஆதித்த கரிகாலனுக்கு எதிராகச் சதி செய்யும் நந்தினி கல்கியின் கற்பனைப் பாத்திரம் என்று சொன்னேன். கூடத்தில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தவள் கையை நிறுத்திவிட்டாள்.

"அப்போ ஆதித்த கரிகாலனைக் கொன்னது யாரு?"

காட்டுமன்னார்கோயில் பக்கம் உடையார்குடிக் கோயிலில் ஒரு கல்வெட்டு இருக்கிறது என்றேன். ராஜராஜனின் இரண்டாம் ஆட்சியாண்டு. கரிகாலனைக் கொன்ற துரோகிகள் என்று சோமன், அவன் தம்பி ரவிதாசன், அவன் தம்பி பரமேஸ்வரன் ஆகியோரின் பெயரைச் சொல்லி, அவர்களுடைய நிலத்தைப் பற்றிப் பேசும் ஆவணம். ரவிதாசனுக்குப் பஞ்சவன் பிரமாதிராஜன் என்ற பட்டம் இருக்கிறது. பட்டம் பெற்ற அதிகாரி. நாவலில்தான் அவன் மந்திரவாதி.

சித்தி கொஞ்ச நேரம் யோசித்தாள். அப்புறம் மறுபடி கீரையை எடுத்துக்கொண்டு சொன்னாள்: "சரிடா. ஆனா அவங்களை ஏவி விட்டது நந்தினிதானே."

நான் மேலே பேசவில்லை. இதைவிடத் தெளிவாக மேலெழுதலை எனக்கு யாரும் விளக்கியதில்லை. கல்வெட்டு வந்து கதையை உடைக்கவில்லை. கதை கல்வெட்டை வாங்கித் தன் பையில் போட்டுக்கொண்டது. பெயர்கள் எல்லாம் சரி, வருடம் சரி, கோயில் சரி. ஆனால் காரணம் மட்டும் நாவலிலிருந்து. கல்வெட்டு யார் என்று சொல்கிறது, ஏன் என்று சொல்லவில்லை. அந்த வெற்றிடத்தில்தான் நந்தினி குடியேறினாள். கதைகள் எப்போதும் இப்படிப்பட்ட இடத்தில்தான் நுழையும். வரைபடத்தில் அந்த முக்குக்குப் பெயர் இருந்திருந்தால் அக்லோ முளைத்திருக்காது.

கல்கி மேல் எனக்கு ஒரு குறையும் இல்லை. அவர் இல்லையென்றால் வந்தியத்தேவன் என்ற பெயரை இன்று எத்தனை பேர் சொல்வார்கள்? தஞ்சைக் கல்வெட்டில் குந்தவையின் கணவன் என்ற ஒரு குறிப்பாக அவன் கல்லுக்குள் கிடந்திருப்பான். நாவல் அவனுக்குக் குதிரையும் குறும்பும் பசியும் கொடுத்தது. நான் கேட்பது ஒன்றுதான்: எது அடியில் இருந்தது, எது மேலே எழுதியது என்று இரண்டையும் தெரிந்துகொண்டு ரசிப்போம்.

அடியில் இருந்ததை மறைக்காமல் மேலே எழுதிய ஆட்களும் நம்மிடம் இருந்திருக்கிறார்கள். செம்பியன் மாதேவி, அந்த நாவலில் வரும் அதே பெரிய பிராட்டிதான், பழைய கோயில்களைக் கருங்கல்லில் திரும்பக் கட்டினாள். திருக்கோடிக்காவலில் அப்படிக் கட்டியபோது பழைய சுவரில் இருந்த கல்வெட்டுகளைப் புதுச் சுவரில் திரும்ப வெட்டினார்கள். பழைய கல் போய்விட்டது. புதிதாக வெட்டியதையே மூலம் என்று விட்டிருந்தால் கேட்க ஆள் கிடையாது. ஆனால் அந்தச் சுவரில் உளி பிடித்தவர்கள், இது பழைய கல்லில் இருந்ததன் நகல் என்ற பொருளில், கூடவே இதையும் வெட்டிவைத்தார்கள்: இதுவும் ஒரு பழங்கற்படி.